கடைசி 600 கிலோமீட்டர்

ஜூன் பிறந்துவிட்டால் தென்காசிக்காரர்களின் போனுக்கு ஓய்வு கிடையாது. சென்னையிலிருந்து, பெங்களூரிலிருந்து, துபாயிலிருந்து, சிங்கப்பூரிலிருந்து எல்லோரும் கேட்பது ஒரே கேள்விதான்.

'என்ன மாப்ளே, தண்ணி விழுதா?'

'நல்லா விழுது மாமா. ஐந்தருவியில அஞ்சு கிளையும் விழுது. காலையில புடிச்ச சாரல் இன்னும் விடல.'

'ம்... குடுத்து வச்சவங்கப்பா நீங்க!'

பெருமூச்சோடு போனை வைத்துவிடுகிறார் அந்த மாமா. இந்த முனையில் மாப்பிள்ளை என்ன நினைக்கிறார் தெரியுமா? 'அவருக்கென்ன, மாசம் பொறந்தா லட்ச ரூவா சம்பளம். குடுத்து வச்சவரு அவருல்லா!'

குற்றாலத்துக்குக் கால் மணி நேரத் தூரத்தில்தான் இவர் வீடு. ஆனாலும் வெளியூர்ச் சொந்தக்காரர்கள் வந்தால்தான் அருவிப் பக்கம் போவார். மற்ற நாட்களில் கடை திறக்க வேண்டும், வட்டி கட்ட வேண்டும், படித்து முடித்த பிள்ளைக்கு எங்கேயாவது வேலைக்குச் சொல்லி வைக்க வேண்டும்.

ஒருத்தர் சாரலுக்கு ஏங்குகிறார். ஒருத்தர் சம்பளத்துக்கு ஏங்குகிறார். இரண்டு பேரையும் சேர்த்து வைத்திருப்பது ஒரு போன். சாரலும் சம்பளமும் ஒரே ஊரில் கிடைக்கக் கூடாதா? இதை வெறும் ஆசை என்று ஒதுக்கிவிடலாம். அல்லது, அப்படிக் கிடைக்கும்படி செய்கிற கடமை யாருக்காவது இருக்கிறதா என்று கேட்கலாம். எனக்கு இரண்டாவதுதான் சரியென்று படுகிறது.

கொஞ்சம் பின்னால் போவோம். ஒரு காலத்தில் இந்தத் 'தண்ணி விழுதா'வைக் கேட்க ட்ரங்க் கால் புக் பண்ண வேண்டும். புக் பண்ணிவிட்டுச் சாப்பிட்டு, ஒரு தூக்கமும் போட்டு எழுந்தால் லைன் கிடைக்கலாம். அவசரமென்றால் 'லைட்னிங் கால்'. கட்டணம் எட்டு மடங்கு. அந்த விலை கொடுத்து யார் சாரலை விசாரிப்பார்கள்? சாவு மட்டும்தான் கம்பி வழியாக வந்தது. தந்திக்காரரைத் தெருமுனையில் பார்த்தவுடனே, கவரைப் பிரிக்கும் முன்பே, வீட்டில் அழ ஆரம்பித்துவிடுவார்கள். அந்தத் தந்தியும் 2013 ஜூலையோடு நின்றுபோனது.

கடையநல்லூர், புளியங்குடி, தென்காசிப் பக்கத்திலிருந்து வளைகுடா நாடுகளுக்குப் போனவர்கள் ஏராளம். கடிதம் எழுதக் கூச்சப்பட்டவர்கள் டேப் ரெக்கார்டரில் பேசி, கேசட்டை ஊருக்கு வருகிறவர் கையில் கொடுத்து அனுப்பினார்கள். பிறகு மஞ்சள் போர்டு எஸ்.டி.டி. பூத் வந்தது. இரவு கட்டணம் கால்வாசியாகக் குறையும் நேரத்துக்காக அங்கே ஒரு வரிசை காத்து நிற்கும். கண்ணாடிக் கூண்டுக்குள் சிவப்பு எண்கள் ஓட ஓட, சொல்ல நினைத்ததெல்லாம் மறந்துபோகும். அப்புறம் மிஸ்டு கால் காலம். இப்போது வீடியோ கால். பிள்ளை இங்கே சோறு சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டே அப்பா அங்கே சாப்பிடுகிறார்.

இதைக் குறை சொல்ல யாருக்கும் மனசு வராது. ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். இத்தனை வளர்ச்சியும் ஊரைவிட்டுப் போவதைத் தாங்கிக்கொள்ளும்படி செய்தது. ஊரிலேயே இருப்பதைச் சுலபமாக்கியதா? பொதிகை எக்ஸ்பிரஸ்ஸில் பிள்ளையை ஏற்றிவிட வருகிற அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு சொல்வது என்ன? 'போயிட்டு வாய்யா. அதான் போன் இருக்குல்லா!'

தொலைபேசி கிராமத்துக்கு வந்த கதையே சுவாரஸ்யமானது. 1985-ல் சர்வதேசத் தொலைத்தொடர்பு யூனியனுக்காக மெய்ட்லண்ட் கமிஷன் ஓர் அறிக்கை கொடுத்தது. ஆப்பிரிக்கக் கண்டம் முழுவதிலும் இருப்பதைவிட டோக்கியோ என்ற ஒரு நகரத்தில் தொலைபேசிகள் அதிகம் என்றது அந்த அறிக்கை. அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்துக்குள் மனித குலம் முழுவதற்கும் ஒரு தொலைபேசி எட்டும் தூரத்தில் இருக்க வேண்டும் என்று இலக்கும் வைத்தது. அன்றைக்கு இந்தியாவில் ஜனங்கள் எழுபது கோடிக்கு மேல். தொலைபேசிகள் முப்பது லட்சத்தை ஒட்டி. 'கிராமத்தானுக்கு எதுக்குய்யா போனு?' என்று கேட்டவர்களும் இருந்தார்கள்.

அப்போது கிடைத்த வெளிநாட்டு எக்ஸ்சேஞ்சுகள் ஏ.சி. அறையை நம்பிச் செய்யப்பட்டவை. நம் ஊர் வெயிலுக்கும் தூசிக்கும் மின்வெட்டுக்கும் அவை சரிப்படவில்லை. 1984-ல் சாம் பித்ரோடாவின் முனைப்பில் தொடங்கிய சி-டாட், ஏ.சி. இல்லாமல் ஓடக்கூடிய 128 லைன் கிராமத்து எக்ஸ்சேஞ்சை உருவாக்கியது. 1986-ல் கர்நாடகத்தின் கிட்டூரில் முதலாவது வேலை செய்ய ஆரம்பித்தது. இதில் கவனிக்க வேண்டிய விஷயம், 'யாருக்காக' என்பதை முதலில் முடிவு செய்தார்கள் என்பது. 'எப்படி' என்பது அதன் பின்னாலேயே வந்து சேர்ந்தது.

1995 ஜூலை 31 அன்று இந்தியாவின் முதல் செல்போன் அழைப்பு. கல்கத்தாவிலிருந்து ஜோதிபாசு, டெல்லியில் இருந்த மத்திய அமைச்சர் சுக்ராமுடன் பேசினார். அப்போது நிமிடத்துக்கு 16 ரூபாய் வரை கட்டணம். வருகிற அழைப்புக்கும் காசு. 2003-ல் இன்கமிங் இலவசமானது. 2016 செப்டம்பரில் ஜியோ வந்து, பேசுவது கிட்டத்தட்ட ஓசி என்று ஆக்கியது. இன்றைக்கு நாட்டில் இணைப்புகள் நூறு கோடியைத் தாண்டிவிட்டன. சராசரியாக ஒருவர் மாதம் இருபது ஜி.பி. அளவுக்கு டேட்டாவைத் தீர்க்கிறார். மஞ்சள் போர்டு பூத்தை நம்பிப் பிழைத்த குடும்பங்கள் இந்த வேகத்தில் அடித்துக்கொண்டு போயின. அதில் மாற்றுத் திறனாளிகள் நிறையப் பேர். ஊருக்குள்ளேயே சம்பளம் தந்த தொலைபேசி என்றால் அந்த பூத்தைத்தான் சொல்ல வேண்டும்.

சரி, ஊருக்குள் வேலை வருவதற்கு இன்னொரு வழி இருந்தது. அதற்கு அமெரிக்கா வரைக்கும் போய்வர வேண்டும்.

தொண்ணூறுகளின் கடைசியில் அங்கே தொலைத்தொடர்பு ஜுரம். இன்டர்நெட் போக்குவரத்து நூறு நாளைக்கு ஒருமுறை இரட்டிப்பாகிறது என்று யாரோ கிளப்பிவிட, கம்பெனிகள் கடன் வாங்கித் தரையிலும் கடலிலும் கண்ணாடி இழைக் கேபிளாகப் பதித்துத் தள்ளின. எதிர்பார்த்த போக்குவரத்து வரவில்லை. 2002 ஜனவரியில் குளோபல் கிராஸிங் திவால். அதே வருஷம் ஜூலையில் வேர்ல்ட்காம் திவால். அதுவரை அமெரிக்கா பார்த்த திவால்களிலேயே பெரியது அது. கம்பெனிகள் போயின. பதித்த கேபிள் போகவில்லை. அடிமாட்டு விலைக்குக் கிடைத்த அந்தக் கேபிள் வழியாகத்தான் அமெரிக்க வேலைகள் சென்னைக்கும் பெங்களூருக்கும் வந்தன. 2002-லும் அதற்கடுத்த வருஷங்களிலும் சிங்கப்பூரிலிருந்து கடலடிக் கேபிள்கள் சென்னைக் கரையில் வந்து ஏறின. கால் சென்டரும், ஓ.எம்.ஆர். ரோட்டுக் கண்ணாடிக் கட்டடங்களும் பெருகியதில் அந்தத் திவாலுக்கும் ஒரு பங்கு உண்டு.

சுமார் பதிமூவாயிரம் கிலோமீட்டர் தாண்டிச் சென்னைக்கு வந்தது வேலை. அங்கேயே நின்றுவிட்டது. மிச்சமிருந்த 600 கிலோமீட்டரைத் தாண்டித் தென்காசிக்கு வரவில்லை. தென்காசிப் பிள்ளைகள் அந்த 600 கிலோமீட்டரைத் தாண்டிப் போனார்கள்.

இப்படி ஆகும் என்று யாரும் சொல்லவில்லை. கொழும்பில் வாழ்ந்த விஞ்ஞானக் கதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க், 1964-லேயே பி.பி.சி. டெலிவிஷனில் தோன்றி, வருங்காலத்தில் மனிதர்கள் வேலைக்குப் பயணம் போக மாட்டார்கள், இருந்த இடத்திலிருந்தே பேசி முடித்துக்கொள்வார்கள் என்றார். 1997-ல் பிரான்சிஸ் கெய்ர்ன்கிராஸ் என்ற பத்திரிகையாளர் 'தூரத்தின் மரணம்' என்ற பொருள்படும் தலைப்பில் புத்தகமே போட்டார். தூரம் செத்ததா? வாடகைக்கு வீடு தேடி வேளச்சேரியில் அலைகிற ஆலங்குளத்துப் பையனைக் கேளுங்கள், சொல்வான்.

'ஊருக்குள் நெட் சரியில்லை. வேறென்ன செய்ய?' என்று ரொம்ப நாள் சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தோம். 2020 மார்ச் 24 இரவு ஊரடங்கு அறிவிப்பு வந்தது. பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊருக்கு வந்த பிள்ளைகள் மொட்டை மாடியிலும் தோப்பிலும் உட்கார்ந்து அமெரிக்காவுக்கும் ஐரோப்பாவுக்கும் வேலை பார்த்தார்கள். கம்பெனிகள் மூழ்கிவிடவில்லை. இரண்டு வருஷம் கழித்து 'ஆபீஸுக்கு வா' என்று மெயில் வர ஆரம்பித்தது. இதில் வேடிக்கை, உலகத்துக்கே வீட்டிலிருந்து மீட்டிங் போடக் கற்றுக்கொடுத்த ஜூம் கம்பெனி 2023 ஆகஸ்டில் தன் ஊழியர்களைப் பார்த்து, ஆபீஸுக்குப் பக்கத்தில் இருப்பவர்கள் வாரத்தில் இரண்டு நாளாவது நேரில் வரவேண்டும் என்று சொன்னதுதான். அமேசான் 2025 ஜனவரியிலிருந்து ஐந்து நாளும் வா என்றது.

அவர்கள் தரப்பிலும் நியாயம் இருக்கிறது. புதிதாகச் சேர்ந்தவன் பக்கத்து சீட்டுப் பெரியவரைப் பார்த்துத்தான் தொழில் கற்றுக்கொள்கிறான். டீக்கடைப் பேச்சில் தீர்கிற சிக்கல் மீட்டிங்கில் தீர்வதில்லை. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அப்படி நாலு பேர் சேர்ந்து உட்காரும் இடம் ஏன் சென்னையாகவே இருக்க வேண்டும்? அதைக் கேபிள் தீர்மானிக்கவில்லை. ஒரு மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் சிலர் தீர்மானிக்கிறார்கள்.

வேறு மாதிரித் தீர்மானித்ததற்கும் தென்காசியிலேயே சாட்சி இருக்கிறது. தஞ்சாவூர்ப் பக்கத்துக் கிராமத்தில் பிறந்து, ஐ.ஐ.டி. மெட்ராஸிலும் பிரின்ஸ்டனிலும் படித்து, குவால்காம் கம்பெனியில் வயர்லெஸ் துறையில் வேலை பார்த்தவர் ஸ்ரீதர் வேம்பு. 1996-ல் அவரும் சகோதரர்களும் நண்பர்களும் சேர்ந்து தொடங்கிய அட்வென்ட்நெட், தொலைத்தொடர்புக் கருவி செய்கிற கம்பெனிகளுக்கு நெட்வொர்க்கை மேற்பார்க்கும் சாஃப்ட்வேரைத்தான் விற்றது. நான் சொன்னேனே அந்த ஜுரம், அது இறங்கியபோது இவர்களின் வாடிக்கையாளர்களும் காணாமல் போனார்கள். வேறு சரக்குக்கு மாற வேண்டியதாயிற்று. 2005-லிருந்து ஜோஹோ என்ற பெயரில் இன்டர்நெட் வழியாக ஆபீஸ் சாஃப்ட்வேர் விற்கத் தொடங்கி, 2009-ல் கம்பெனியின் பெயரையே அப்படி மாற்றிக்கொண்டார்கள். 2011 வாக்கில் தென்காசிப் பக்கத்து மத்தளம்பாறையில் சின்னதாக ஓர் ஆபீஸ் போட்டார்கள். அது வளர்ந்து நூற்றுக்கணக்கான பேர் வேலை செய்யும் இடமானது. ப்ளஸ் டூ, டிப்ளமோ முடித்த பிள்ளைகளுக்குச் சம்பளம் கொடுத்துச் சொல்லிக்கொடுக்கும் பள்ளியும் அங்கே வந்தது. 2019-ல் வேம்பு தானே அங்கே குடியேறினார்.

ஒரு கம்பெனிக்குப் பாராட்டுப் பத்திரம் வாசிப்பதற்காக இதைச் சொல்லவில்லை. 'முடியாது' என்ற சாக்கை இது எடுத்துவிடுகிறது, அவ்வளவுதான். மத்தளம்பாறைக்கு எட்டிய கேபிள் கீழப்பாவூருக்கும் எட்டும். ஆனால் ஒரு முதலாளிக்கு ஓர் ஊர் பிடித்துப்போவதை நம்பி ஒரு மாவட்டம் பிழைக்க முடியாது. அது அதிர்ஷ்டம். நியாயம் என்பது அதிர்ஷ்டத்தை நம்பி இருக்கக் கூடாது.

குற்றாலத்திலேயே இன்னொரு உதாரணம், ரசிகமணி டி.கே.சி. கடைசிக் காலத்தைக் குற்றாலத்தில் கழித்தார். 1954-ல் அங்கேயே காலமானார். அவர் கையில் இருந்த தொலைத்தொடர்புச் சாதனம் தபால். கடிதங்களாக எழுதித் தள்ளினார். அவை பின்னால் புத்தகமாகவே வந்தன. ராஜாஜியும் கல்கியும் அவரைத் தேடிக் குற்றாலத்துக்குப் போனார்கள். சின்ன ஊரில் இருந்தபடி பெரிய உலகத்தோடு வாழ முடியும் என்பதற்கு 5ஜி வேண்டியிருக்கவில்லை. ஆனால் வயிற்றுப் பாட்டுக்குக் கவலையில்லாத நிலை வேண்டியிருந்தது. அது எல்லோருக்கும் வாய்ப்பதில்லை.

இன்னொரு பக்கத்தையும் சொல்லாவிட்டால் நான் சாரலில் நனைந்து கவிதை பாடுகிறவன் ஆகிவிடுவேன். ஊரைவிட்டுப் போனவர்கள் எல்லோரும் அழுதுகொண்டா போனார்கள்? 1948 நவம்பரில் அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர், கிராமத்தைப் புகழ்ந்தவர்களைக் கடுமையாக மறுத்துப் பேசினார். குறுகிய மனமும் அறியாமையும் தேங்கிக் கிடக்கிற இடம் அது என்பது அவர் கருத்து. எந்தத் தெரு என்று கேட்டுவிட்டுப் பேச்சைத் தொடர்கிற ஊரிலிருந்து சென்னைக் கூட்டத்தில் கரைந்துபோவது ஒருவனுக்கு விடுதலை. யாரோடு பேசினாள், எத்தனை மணிக்கு வந்தாள் என்று தெருவே கணக்கெடுக்கிற ஊரிலிருந்து ஹாஸ்டல் அறைக்குப் போவது ஒரு பெண்ணுக்குச் சுவாசம். 'ஊரோட இரு' என்ற உபதேசத்தை அவர்களிடம் சொல்ல நமக்கு என்ன உரிமை?

ஆகவே, எல்லோரும் ஊரில் இருக்க வேண்டும் என்பது என் கட்சி இல்லை. இருக்க முடிந்தும் போகிறவன், விரும்பிப் போகிறான். போக முடிந்தும் இருக்கிறவன், விரும்பி இருக்கிறான். மற்றவர்கள் ஒன்று துரத்தப்பட்டவர்கள், அல்லது மாட்டிக்கொண்டவர்கள். தொலைத்தொடர்பு இத்தனை வளர்ந்த பிறகும் இந்த 'மற்றவர்கள்'தான் அதிகம் என்றால், அந்த வளர்ச்சியை எதை வைத்து அளக்கிறோம் என்று கேட்க வேண்டியிருக்கிறது.

'சரி, வேலையை ஊருக்குள் கொண்டுவந்துவிட்டால் போதுமா?' என்றால், அதுவும் போதாது. தென்காசிக்கு 'ஒர்க் ஃப்ரம் ஹோம்' புதுசு இல்லை. மூன்று தலைமுறைப் பெண்களைக் கேளுங்கள். மடியில் தட்டை வைத்து, இலையை வெட்டி, தூளை வைத்துச் சுருட்டி, நூல் கட்டுகிற பீடி வேலை வீட்டில் இருந்தபடி செய்கிற வேலைதான். எங்கோ வெளிமாநிலத்துக் காட்டு இலை, எங்கோ இருக்கிற முதலாளி, எங்கோ இருக்கிற சந்தை. நடுவில் இந்தப் பெண்ணின் திண்ணை. ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கூலி. பீடிக்கடையில் கொண்டுபோய்க் கொடுத்தால் 'இது சரியில்ல' என்று ஒரு பங்கைக் கழித்துவிடுவார்கள். கழுத்து வலி, இருமல் எல்லாம் அவள் கணக்கு. பீடித் தொழிலாளர்களுக்கென்று 1966-ல் தனிச் சட்டமே போட வேண்டியிருந்தது என்றால் நிலைமையைப் புரிந்துகொள்ளலாம்.

இந்தப் பீடித் தட்டை மறந்துவிடக் கூடாது. சின்ன ஊர்களில் பி.பி.ஓ. நடத்துகிற முயற்சிகள் 2000-களிலேயே தமிழ்நாட்டில் வந்தன. ஐ.ஐ.டி. மெட்ராஸ் ஆதரவில் கிளம்பிய தேசிக்ரூ அதில் ஒன்று. இப்போது செயற்கை அறிவுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிற வேலை, அதாவது படத்தைப் பார்த்துப் 'பூனை', 'பஸ்', 'மனிதன்' என்று பெயர் போடுகிற வேலை, சின்ன ஊர்களைத் தேடி வருகிறது. நல்லது, வரட்டும். ஆனால் எதற்காக வருகிறது? ஊர் ஆட்கள் மலிவு என்பதற்காக மட்டும் வந்தால், ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்பது ஆயிரம் படத்துக்கு இவ்வளவு என்று மாறும். மடியில் தட்டு இருந்த இடத்தில் லேப்டாப் இருக்கும். அதே வேலைக்குச் சென்னையில் என்ன சம்பளம்? அந்தப் பெண் ஐந்து வருஷத்தில் டீமுக்குத் தலைமை ஏற்க வழி இருக்கிறதா? உடம்பு முடியவில்லை என்றால் சம்பளத்தோடு லீவு உண்டா? நான் கேட்கச் சொல்வது இந்த மூன்றையும்தான்.

யாருக்குக் கடமை என்று ஆரம்பத்தில் கேட்டேன். இதற்கு ஒரு பதிலை நாமே ஏற்கெனவே எழுதி வைத்திருக்கிறோம். 2002-லிருந்து, தொலைத்தொடர்புச் சேவை தருகிற கம்பெனிகள் வருமானத்தில் 5 சதவீதத்தைக் கிராமப்புற சேவைக்கான நிதிக்குக் கொடுக்க வேண்டும் என்று ஏற்பாடு. இன்று அதற்கு 'டிஜிட்டல் பாரத் நிதி' என்று பெயர். அந்த ஏற்பாட்டின் அர்த்தம் என்ன? கடைசி கிராமத்துக்குக் கம்பி இழுப்பது நஷ்டம்தான். ஆனால் நஷ்டம் என்பதற்காக விட்டுவிடக் கூடாது, நகரத்துக்காரனின் பில்லிலிருந்து ஒரு பங்கு அங்கே போக வேண்டும் என்று ஒரு தேசம் ஒத்துக்கொண்டது. அதே தேசம் கேபிள் போய்ச் சேர்ந்த பிறகு, 'வேலை எங்கே போகிறது என்பது மார்க்கெட் சமாச்சாரம்' என்று கையை உதறுகிறது. கேட்கிற உரிமை கிராமத்தானுக்கு உண்டு, சம்பாதிக்கிற உரிமை கிடையாதா? சினிமா பார்க்க இருபது ஜி.பி. போதும் என்றுதானா அத்தனை பள்ளம் தோண்டினோம்?

அரசாங்கம் செய்ய வேண்டியது நிறைய இருக்கிறது. ஆனால் இதைப் படிக்கிறவர்களில் சிலர் ஏதாவது ஒரு கம்பெனியில் பத்துப் பேருக்கு மேலே இருப்பீர்கள். உங்கள் டீமில் தென்காசியோ திருவாரூரோ தேனியோ சொந்த ஊராகக் கொண்ட யாராவது நிச்சயம் இருப்பார். அங்கே அம்மா தனியாக இருப்பார், அல்லது அவருக்கே அந்த ஊர் வேண்டாம் என்று இருக்கும். எது என்று அவர்தான் சொல்ல வேண்டும். 'அங்கேயே இருந்து இதே சம்பளத்துக்குச் செய்யறியாப்பா?' என்று யாராவது முதலில் கேட்டால்தானே சொல்வார்?

இப்போது போன் பேசக் காசு கிடையாது. கேட்டுப் பாருங்கள்.